ரேடியோவுக்குள் ஜெசிந்தா

இரண்டாம் பாதிக்குத் திரை தூக்கும் முன்பே ரேடியோவுக்குள் போய் உட்கார்ந்துவிட வேண்டும். ஜெசிந்தா போய் உட்கார்ந்தாள். பிளைவுட்டில் அடித்து, தேக்கு நிறம் பூசி, சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்கு இரண்டு திருகு வைத்த ரேடியோ. ஆள் உயரத்துக்கு மேலேயே ஒரு முழம் இருக்கும். சத்தம் வருகிற இடத்தில் சாக்கு நிற வலைத்துணி. அந்தத் துணியைத் தாங்கிய சட்டம்தான் கதவு. கடைசிப் பாட்டில் கதவு திறக்கும், உள்ளே விளக்கு எரியும், அவள் தெரிவாள். அதுவரை தெரியக் கூடாது. மேடையின் பின்சுவரோடு ஒட்டி நிறுத்தியிருந்ததால் நடுவில் எழுந்து பின்பக்கமாக நழுவவும் வழியில்லை. மேடை ஆள் தணிகாசலம் வெளியே கொக்கியை மாட்டிவிட்டு, துணியில் வாயை வைத்துக் கேட்டான்: "உள்ள சரியா இருக்காம்மா?" "இருக்குப்பா." "இன்னிக்கு ஒரு நாளுதான். பல்லைக் கடிச்சுக்குங்க." ஒரு வாரம் என்று திருச்சி முழுக்கப் போஸ்டர் ஒட்டிய நிகழ்ச்சி. இன்று மூன்றாம் நாள், இதோடு சரி. மத்தியானம் டைரக்டர் நிரஞ்சன் எல்லோரையும் கூட்டி வைத்து, நாளையிலிருந்து ஹாலில் சேலைக் கண்காட்சி, அதனால் இன்றே முடித்துக்கொள்கிறோம் என்றான். சேலைக் கண்காட்சி ஏன் திடீரென்று முளைத்தது என்று யாரும் கேட்கவில்லை. கச்சேரி என்று நினைத்து வந்தவர்கள் வசனம் வந்தபோதெல்லாம் இருமினார்கள், நாடகம் என்று நினைத்து வந்தவர்கள் பாட்டு வந்தபோதெல்லாம் டீ குடிக்கப் போனார்கள். மீதி இருந்தவர்கள் இந்தப் பாட்டுகளுக்குச் சொந்தக்காரரான தாஸின் உறவுக்காரர்கள். பசை நாற்றமும் பெயிண்ட் நாற்றமும் மூக்கில் ஏறின. பிளாஸ்டிக் நாற்காலியின் ஒரு கால் கொஞ்சம் குட்டை, அசைந்தால் டொக்கென்று சத்தம் வரும், அசையக் கூடாது. மத்தியானத்திலிருந்து அவள் தண்ணீர் குடிக்கவில்லை. சர்க்கரை உடம்பு. முதல் நாள் ஒரு டம்ளர் குடித்துவிட்டு வந்து, இதே நாற்காலியில் தொடையை நெருக்கிக்கொண்டு மாதாவை வேண்டியது போதும். இன்று தொண்டை காய்ந்து ஒட்டுகிறது. இன்று பார்த்துத் தொண்டை வேண்டும்.

திரை தூக்கிவிட்டார்கள். வலைத்துணி வழியாகப் பார்த்தால் எல்லாம் மழையில் பார்த்த மாதிரி தெரிந்தது. தாஸாக நடிக்கிற பையன் கிதாரை மாட்டிக்கொண்டு வந்து நின்றான். நிஜ தாஸ் இவ்வளவு நிமிர்ந்து நின்று அவள் பார்த்ததில்லை. அமல்தாஸ், தானே பாட்டெழுதி, தானே மெட்டுப் போட்டு, தானே கிதாரைத் தட்டிக்கொண்டு பாடியவர். சினிமாப் பக்கம் போகாமலே பேர் வாங்கினார். கல்லூரி விழா, கோயில் திருவிழா, வானொலி, இரண்டு இசைத்தட்டு. போன வருஷத்துக்கு முந்தின வருஷம் செத்துப்போனார். செத்த பிறகு அவர் பாட்டுகளைக் கோத்து மேடையேற்ற ஆள் வந்தது. பாட்டுகளைக் கோத்தால் மட்டும் கதை வராது என்று நிரஞ்சன் ஒரு பெண்ணைச் சேர்த்தான். அந்தப் பெண் ஜெசிந்தா. அதாவது ஜெசிந்தாவாக நடிக்கிற தாரிணி. பாவாடை தாவணி கட்டி, இரட்டைப் பின்னல் போட்டு, இப்போது மேடையின் ஓரத்திலிருந்து வருகிறாள் பார், தரையைப் பார்த்துக்கொண்டே. பாட்டை ரெகார்டு பண்ணிய அன்றைக்கு ஜெசிந்தா கட்டியிருந்தது அக்கா விக்டோரியாவின் நைலக்ஸ் சேலை, கொண்டைதான் போட்டிருந்தாள், இருபத்து மூன்று வயசில் யார் தாவணி கட்டினார்கள். "நீங்க பாடுங்க. நான் உங்க பாட்டுக்குள்ள மூச்சா இருந்துட்டுப் போறேன்" என்று தாரிணி சொன்னாள். இப்படி ஒரு வாக்கியத்தை ஜெசிந்தா தன் ஆயுசில் யாரிடமும் சொன்னதில்லை. ஸ்டூடியோவில் அவள் பேசியது ரொம்பக் கொஞ்சம். "ஃபேனைக் கூட்டி வைங்கண்ணே." "எத்தனை தடவை இழுக்கணும்ணே." அவ்வளவுதான். எப்போதும் தாஸண்ணே என்றுதான் கூப்பிட்டாள். அண்ணே என்று கூப்பிடுகிற பெண்ணைப் பிடித்து ஊர் அவரோடு கோத்துவிட்டபோது, அந்த அண்ணே எங்கே போனது என்று யாரும் கேட்கவில்லை. நிரஞ்சனின் வசனத்திலும் அண்ணே கிடையாது. ஒத்திகையில் கேட்டதற்கு, "ஆன்ட்டி, அண்ணேன்னு சொன்னா லவ் விழாது" என்றான்.

ஹம்மிங் பாடுவதுதான் அவள் தொழில். பாட்டில் வார்த்தை இல்லாத இடத்தில், பாடகர் மூச்சு வாங்கிக்கொள்ளும் இடத்தில், வாயை மூடிக்கொண்டு ம் என்று இழுக்க வேண்டும். கொஞ்சம் திறந்தால் ஆ. பேர் வராது, முகம் வராது. 'கடைசி பஸ்' பாட்டுக்காக மதராஸுக்கு ரயிலில் கூட்டிப்போனார் தாஸ். கோடம்பாக்கத்தில் ஒரு ஸ்டூடியோ. கண்ணாடி போட்ட சின்ன அறைக்குள் அவள், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கிதாரோடு தாஸ். ஏர்கண்டிஷன் பழுது, ஃபேனைப் போட்டால் மைக்கில் சத்தம் விழும் என்று அதையும் நிறுத்திவிட்டார்கள். செருப்பை வெளியே விடச் சொன்னார்கள். வெறுங்காலோடு நின்றாள், காலுக்குக் கீழே கயிற்றுப் பாய். 'கடைசி பஸ்ஸும் போயாச்சு, கம்பத்து விளக்கும் அணைஞ்சாச்சு, இனி யாரு வந்தா என்ன, வராட்டி என்ன.' அந்த என்ன முடிகிற இடத்தில் அவள் பிடிக்க வேண்டும். கீழேயிருந்து ம் என்று எடுத்து, மெதுவாக ஏறி, உச்சியில் நின்று, அப்படியே இறங்கி வர வேண்டும், ஒரே மூச்சில். பின்னால் கிதார் மட்டும். ஏறினாள். உச்சியைத் தொட்டாள். அப்போது மேலேயிருந்து ஒரு பல்லி தொப்பென்று அவள் காலில் விழுந்தது. ஹ் என்று மூச்சு உள்ளே போனது. தாஸின் கையும் கிதாரில் நின்றது. ஒரு துளி நேரம், பாட்டே இல்லை, ஒன்றுமே இல்லை. பிறகு பயத்தில் அவள் விட்ட இடத்திலிருந்தே பிடித்து இறங்கினாள், கிதாரும் சேர்ந்துகொண்டது. இன்னொரு தடவை எடுக்கலாம் என்றுதான் நினைத்தாள், சொல்லவும் சொன்னாள். ஸ்டூடியோ நேரம் முடிந்துவிட்டது. தாஸ் கேட்டுப் பார்த்துவிட்டு, "இருக்கட்டும். நல்லாருக்கு" என்றார். இருந்துவிட்டது. அந்த ஹ் இத்தனை வருஷமாக இருந்துகொண்டே இருக்கிறது.

முதலில் யார் சொன்னார்கள் என்று தெரியவில்லை. வானொலியில் நேயர் விருப்பம் என்று மறுபடி மறுபடி போட்டார்கள். அந்த இடத்தில் அந்தப் பெண் அழுதுவிட்டாள், தாஸ் மேல் அவளுக்கு அப்படி ஒரு இது, கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டே பாடியவளுக்குத் தாங்கவில்லை என்று கல்லூரிப் பையன்கள் பேசிக்கொண்டார்கள். அப்புறம் தாஸே ஒரு பேட்டியில் சிரித்துக்கொண்டே, அதெல்லாம் கேட்காதீர்கள் என்றார். அதெல்லாம் கேட்காதீர்கள் என்றால் என்ன அர்த்தம். அதற்கு முன்னால் திண்டுக்கல்லிலிருந்து ஒரு வரன் வந்திருந்தது, மின்வாரியத்தில் வேலை, பூசைக்குத் தவறாத குடும்பம். காப்பி கொடுத்துவிட்டுத் திரும்பியவளைப் பையனின் அம்மா நிறுத்தி, "அந்த மூச்சு விட்ட பொண்ணா நீ?" என்று கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை, ஊரில் பெரிய மனுஷியைப் பார்த்த மாதிரி ஆசையாகத்தான் கேட்டார். ஆனால் அதற்குப் பிறகு அவர்களிடமிருந்து தகவல் இல்லை. அடுத்து வந்தவர்களிடமிருந்தும் இல்லை. வானொலி நிலையத்துக்கு எதிரே டீக்கடையில் வைத்து ஒரு நாள் கேட்டேவிட்டாள். "தாஸண்ணே, அது பல்லின்னு நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்களேன்." அவர் டீயை ஆற்றிக்கொண்டே நின்றார். "சொல்லலாம் ஜெசி. சொன்னா நாளைக்கு ஊரு சிரிக்கும், நாளான்னிக்கு மறந்துரும். ரெகார்டு கவரைப் பாத்தியா? உம்பேரு இருக்கா அதுல?" இல்லை. அமல்தாஸ் மற்றும் குழுவினர் என்றுதான் இருந்தது. "குழுவினர்னா யாருன்னு எவனாவது கேக்குறானா? அந்த மூச்சைத்தான் கேக்குறான். அந்த மூச்சுலதான் உம்பேரு இருக்கு." அவர் சொன்னது பொய் இல்லை என்பதுதான் கஷ்டம். கான்வென்ட்டில் பாட்டு டீச்சராகச் சேரப் போனபோது தலைமைச் சிஸ்டர் விண்ணப்பத்தைப் பார்க்காமல் முகத்தைப் பார்த்து, 'கடைசி பஸ்' நீங்களா என்றார். வேலை கிடைத்தது. ஒவ்வொரு வருஷமும் பிள்ளைகள், "மிஸ் மிஸ், அந்த ஹா மட்டும் மிஸ்" என்று பிய்த்தெடுப்பார்கள், செய்து காட்டுவாள். டிவியில் பாட்டுப் போட்டி என்று வைத்தால் ஏதாவது ஒரு குட்டிப் பெண் 'கடைசி பஸ்' பாடும், உச்சியில் ஏறி நின்று கண்ணை மூடி ஹ் என்னும், நடுவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அந்த ஃபீல் இருக்கே என்பார்கள். பல்லி விழாத குழந்தைகளுக்கெல்லாம் பல்லி விழுந்தது. அவள் ரிமோட்டைத் தேடுவாள்.

மேடையில் இப்போது ரயில் காட்சி. இரண்டு பெஞ்சைப் போட்டு ரயில் என்கிறார்கள். பின்சுவரின் சூடு முதுகில் இறங்கியது, ரவிக்கை ஒட்டியது. யாரோ இருமினார்கள். கொஞ்சம் சாய்ந்து பார்த்தால் முதல் வரிசை தெரியும், நடு நாற்காலியில் புஷ்பம் அக்கா. மரியபுஷ்பம், தாஸின் மனைவி. மூன்று நாளும் வந்திருக்கிறாள், அதே இடம், அதே வெள்ளைக் கைக்குட்டை. மேடையில் தன் புருஷனை இன்னொருத்தி உருகி உருகிப் பார்ப்பதை இரண்டு நாளாக அந்த அம்மாள் சிலுவையைப் பார்க்கிற மாதிரி பார்த்துக்கொண்டிருக்கிறாள். அக்கா ஒரு நாளும் சண்டைக்கு வந்ததில்லை. அதுதான் பெரிய தண்டனை. கிறிஸ்துமஸுக்குக் கேக் அனுப்புவாள், விக்டோரியாவின் மகள் கல்யாணத்துக்கு வந்து கடைசிப் பந்தி வரை நின்றாள், கோயிலில் பார்த்தால் கையைப் பிடித்து, "உடம்பப் பாத்துக்க ஜெசி" என்பாள். அந்தப் பிடியில் ஒரு மன்னிப்பு இருக்கும். செய்யாத தப்புக்கு ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் மன்னிப்பை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வர வேண்டும். நேற்று மேக்கப் அறையில், பவுடர் துடைத்துக்கொண்டிருக்கும்போது, வாய் தானாகவே சொல்லிவிட்டது. "அக்கா, அது பல்லி. சத்தியமா பல்லிக்கா. காலுல விழுந்துச்சு." புஷ்பம் அக்கா அவள் தலையைத் தடவினாள். "இருக்கட்டும் ஜெசி. என் மனசு நோகக் கூடாதுன்னு பல்லி, பூரான்னு சொல்றே பாரு, அந்த மனசு யாருக்கு வரும்." சொன்ன நிஜம் நல்ல பொய்யாகிவிட்டது. போகும்போது சொன்னாள், செவ்வாய்க்கிழமை மூத்தவனோடு மஸ்கட் போகிறாளாம், வீட்டைக் கொடுத்தாயிற்று, இனி இந்தப் பக்கம் வரப்போவதில்லையாம். போய்விடுவாள். அங்கே போய் ஒரு பால்கனியில் உட்கார்ந்து, ஜெசிந்தாவுக்காகவும் ஒரு ஜெபமாலை உருட்டுவாள். ஊருக்குத் தெரிய வேண்டாம், டிவிக்குத் தெரிய வேண்டாம், அந்த ஒரு மனுஷிக்குத் தெரிந்தால் போதும் என்று ராத்திரி முழுக்கப் புரண்டு படுத்து, விடியும்போது ஜெசிந்தா ஒரு முடிவுக்கு வந்திருந்தாள். வாயால் சொல்லி ஆகாது. பாடித்தான் காட்ட வேண்டும்.

எப்படிப் பாடுவது. இந்தப் பெட்டிக்குள் இருக்கிற மைக்குக்கு உயிர் கிடையாது, பார்வைக்கு வைத்தது. ஒத்திகையில் அவள் குரல் உச்சியில் இரண்டாகக் கிழிந்ததைக் கேட்டதும் நிரஞ்சன் முகம் போன போக்கு. "ஆன்ட்டி, தப்பா எடுத்துக்காதீங்க. பழைய ரெகார்டுலேர்ந்தே உங்க ஹம்மிங்கைத் தனியா எடுத்துட்டோம். நீங்க வாயை மட்டும் அசைங்க. உங்க குரல்தானே ஆன்ட்டி." அவள் குரல்தான். இருபத்து மூன்று வயசுக் குரலுக்கு அறுபத்தைந்து வயசு வாய். இரண்டு நாளாக அப்படித்தான் நடந்தது, கதவு திறந்தது, விளக்கு எரிந்தது, அவள் மீன் மாதிரி வாயைத் திறந்து மூடினாள், ஹ் வந்த இடத்தில் தலையைக் கொஞ்சம் பின்னால் சாய்த்தாள், அந்த இடத்தில் தலையைச் சாய்க்க வேண்டும் என்று நிரஞ்சன் சொல்லியிருந்தான், ஜனம் கை தட்டியது. பாட்டுக்கு வராத கைதட்டல் மூச்சுக்கு வந்தது. ஆனால் மூச்சுக்குப் பின்னால் அந்த இடைவெளி இருக்கிறதே, கிதாரும் நின்றுபோன அந்தத் துளி நேரம், அப்போது ஸ்பீக்கரில் எதுவும் வராது. ஹால் சின்னது, ஜனமும் இல்லை. அந்த ஓட்டையில் வெறும் தொண்டையால் பாடினால் முதல் வரிசைக்குக் கேட்கும். ரெகார்டில் இருப்பவள் மூச்சை விடட்டும். இவள் விடாமல் தாண்டிப் போய்விட வேண்டும், அன்றைக்குத் தாண்டியிருக்க வேண்டிய மாதிரி, பல்லி விழாத மாதிரி. கேட்டால் அக்காவுக்குப் புரியும். அழுகை அடைத்துக்கொண்ட இடம் அது என்றால், அழுகையே இல்லாமல் அது பாட்டுக்கு நடந்து போகும் குரலைக் கேட்டால் ஏன் புரியாது. காலையில் அடுப்படியில் குக்கர் வைத்துவிட்டு ஒரு விசில் வரும் வரை மூச்சைப் பிடித்து இழுத்துப் பார்த்தாள். முதல் தடவை பாதியில் இருமல். இரண்டாம் தடவை விசில் வந்துவிட்டது. மூன்றாம் தடவை இழுக்கும்போது அறையிலிருந்து வந்த விக்டோரியா, "என்னடி இது, எருமை கத்துற மாதிரி" என்றாள்.

விக்டோரியா. அவளை நினைத்திருக்கக் கூடாது. அவள் போன மாசம், டிவி பார்த்துக்கொண்டே, போகிற போக்கில் ஒன்று சொன்னாள். "மொதல்ல நீ கரப்பான்னுதானடி சொன்னே." "எப்ப?" "ஊருக்குத் திரும்பி வந்த அன்னிக்கே. ஸ்டூடியோவுல ஒரே கரப்பான்னு சொன்னே." கரப்பான் இருந்தது, அது வேறே, அது டாய்லெட்டில். விழுந்தது பல்லி. எந்தக் காலில் விழுந்தது. இடது கால். பாடும்போது இடது காலைத்தான் முன்னால் வைப்பாள். அப்படியானால் பள்ளிக்கூடத்தில் சிஸ்டரிடம் சொல்லும்போது தோள் என்று ஏன் சொன்னாள். தோள் என்றால் நன்றாக இருக்கும் என்று சொன்னாள். ஒருமுறை நன்றாக இருக்கும் என்று சொன்னவள் எத்தனை முறை சொல்லியிருப்பாள். வால் அறுந்து துடித்தது என்று கூடச் சொல்லியிருக்கிறாள், அது உண்டா. பல்லி இல்லாத வீட்டில் அவள் பிறக்கவில்லை, பாலக்கரை வீட்டில் சுவர் முழுக்கப் பல்லி, தட்டில் விழுந்தால் தள்ளிவிட்டுச் சாப்பிட்டவள், அவளா பல்லிக்கு மூச்சு விட்டாள். வியர்வை கண்ணில் இறங்கியது. துடைத்தால் நாற்காலி ஆடும். யாரிடமும் சொல்லாத ஒன்று இருந்தது. அந்த இடத்தில் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தாஸ் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தார். எப்போதும் கண்ணை மூடித்தான் வாசிப்பார். திறந்தார், நேராக அவளைப் பார்த்தார். அவள் மூச்சைக் கேட்டுத் திறந்தாரா. அல்லது அவர் திறந்ததைப் பார்த்து அவளுக்கு மூச்சு போனதா. எது முதலில். அதைத்தான் எத்தனையோ வருஷமாகத் திருப்பித் திருப்பி ஓட்டிப் பார்க்கிறாள், ரெகார்டில் கண் திறக்கிற சத்தம் கேட்காது. பல்லி முதலில் என்றால் அவள் சொல்வது நிஜம். கண் முதலில் என்றால் ஊர் சொல்வது நிஜம், பல்லி அதற்கு மேல் அவளே போட்டு மூடிய துணி. இல்லை. பல்லி ஜில்லென்று இருந்தது. ஜில்லென்று இருந்ததைக் கற்பனை செய்ய முடியாது. முடியுமா.

தாரிணி இப்போது கண்ணாடி அறைக்குள் நிற்கிறாள். கண்ணாடி என்றால் ஒரு வெற்றுச் சட்டம், தணிகாசலம் ஓரத்தில் தெரியாமல் பிடித்துக்கொண்டிருக்கிறான். தாரிணி நல்ல பெண். முதல் ஒத்திகையிலேயே பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "ஆன்ட்டி, அந்த மொமென்ட்ல நிஜமா என்ன ஃபீல் பண்ணீங்க?" என்று கேட்டாள். ஜெசிந்தா யோசித்து, "பயமா இருந்துச்சும்மா" என்றாள். அந்தப் பெண் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். அதிலிருந்து மேடையில் தாஸைப் பார்க்கும்போதெல்லாம் பயத்தோடு பார்க்கிறாள். நன்றாகத்தான் இருக்கிறது. நிரஞ்சனிடமும் பல்லியைச் சொல்லிப் பார்த்தாயிற்று. அவன் சிரிக்கக்கூட இல்லை, மரியாதை தெரிந்த பையன். "ஆன்ட்டி, பல்லி ஸ்டேஜ்ல வொர்க் ஆகாது" என்றான். இதோ கிதார் ஆரம்பித்துவிட்டது. நாக்கை மேலண்ணத்தில் தேய்த்து எச்சில் ஊற வைத்தாள், வரவில்லை. அடிவயிறு கனத்தது, தண்ணீரே குடிக்காமல் எங்கிருந்துதான் வருகிறதோ. இருமல் மட்டும் வரக் கூடாது, மாதாவே. உச்சியில் கிழிந்தால் என்ன ஆகும். கிழிந்தால் அழுகிறாள் என்பார்கள். அதை அவள் யோசிக்கவே இல்லையே. கிழிந்த குரல் அழுகை மாதிரித்தான் கேட்கும், வயசான குரல் எல்லாமே அழுகை மாதிரித்தான் கேட்கும். பேசாமல் வாயை மட்டும் அசைத்துவிட்டு வீட்டுக்குப் போய்விடலாம். தலையைச் சாய்த்தால் கை தட்டுவார்கள். கடைசிக் கைதட்டல். குழுவினர் ஆகாமல் இருப்பதற்கு அந்தச் சாய்ப்பு ஒன்றுதான் இருக்கிறது, அதையும் இன்று விட்டுவிட்டால் நாளைக்கு அவள் யார், விக்டோரியா வீட்டு மாடி அறையில் இருக்கிற ஓய்வுபெற்ற டீச்சர். கடைசி பஸ்ஸும் போயாச்சு என்கிறான் பையன். அவன் குரல் தாஸை விட நல்ல குரல். கம்பத்து விளக்கும் அணைஞ்சாச்சு. கொக்கி கழலும் சத்தம் கேட்டது. தணிகாசலத்தின் கை தெரிந்தது, வெள்ளிக் காப்பு போட்ட கை. இனி யாரு வந்தா என்ன. காலை ஊன்றி எழுந்து நின்றாள். இடது கால் தானாக முன்னால் போனது. வராட்டி என்ன.

கதவு திறந்தது. வெளிச்சம் முகத்தில் விழுந்தது, ஹால் இருண்டு முதல் வரிசை மட்டும் மிஞ்சியது. ஸ்பீக்கரிலிருந்து இளம்பெண் ஒருத்தி ம் என்று எடுத்தாள், எந்தச் சிரமமும் இல்லாமல், ரயிலில் தூங்கி எழுந்து வந்த குரல். அதற்குக் கீழேயே, அதற்குள்ளேயே ஜெசிந்தாவும் எடுத்தாள். தனக்கே கேட்கவில்லை, நெஞ்சில் அதிர்வது மட்டும் தெரிந்தது. ஏறினார்கள். அந்தப் பெண் முன்னால் ஓடினாள், இவள் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு பின்னால். புஷ்பம் அக்கா கண்ணை மூடியிருந்தாள். இரண்டு நாளும் இந்த இடத்தில் மூடித்தான் இருந்தாள், கைக்குட்டை வாயில், ஊசி போடும்போது முகத்தைத் திருப்பிக்கொள்கிறவர்கள் மாதிரி. உச்சி. தொண்டையில் ஏதோ கீறியது, பிசிறு தட்டியது, கிழியவில்லை. ஸ்பீக்கரில் அவள், அந்தப் பைத்தியக்காரப் பெண், ஹ் என்றாள். கிதார் நின்றது. எல்லாம் நின்றது. அந்தக் காலி இடத்தில் ஒரு கிழவியின் குரல் மட்டும், மெலிந்து, மணல் கலந்து, ஆனால் அறுந்துபோகாமல் போய்க்கொண்டிருந்தது. அது தன் குரல் என்று தெரிய அவளுக்குக் கொஞ்சம் ஆயிற்று. புஷ்பம் அக்கா கண்ணைத் திறந்தாள். திடுக்கென்று திறந்து நேராக அவளைப் பார்த்தாள். அந்தப் பார்வையை ஜெசிந்தாவுக்குத் தெரியும். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பார்த்த அதே பார்வை, இது என்ன சத்தம் என்று கேட்கிற பார்வை, அதில் வேறொன்றும் இல்லை. சத்தம் முதலில், கண் பிறகு. பாடிக்கொண்டே அவள் சிரித்துவிட்டாள் போலிருக்கிறது, வாய் கோணியதை உணர்ந்தாள். பல்லிதான். ஜில்லென்று இருந்த பல்லி. கிதார் வந்து சேர்ந்துகொண்டது, இளம்பெண்ணும் வந்துவிட்டாள், மூன்று பேருமாக இறங்கினார்கள்.

கைதட்டல் தாமதமாக வந்தது, தட்டலாமா கூடாதா என்று பக்கத்தைப் பார்த்துத் தட்டுகிற கைதட்டல். இரண்டாம் வரிசையில் ஒருவர், டேப்பும் வாயும் சேரவில்லை என்று பக்கத்திலிருந்தவருக்கு விளக்கிக்கொண்டிருந்தார். பொன்னாடை, போட்டோ, நன்றியுரை எல்லாம் ஆயிற்று. நிரஞ்சன் ஓடி வந்து, "ஆன்ட்டி, அந்த எடத்துல தலையைச் சாய்க்க மறந்துட்டீங்க. பரவால்ல ஆன்ட்டி, லாஸ்ட் ஷோதானே" என்று தோளைத் தட்டிவிட்டுப் போனான். தாரிணி கண்ணில் மையோடு அழுதுகொண்டிருந்தாள், எதற்கென்று அவளுக்கே தெரிந்திருக்காது. கழிவறைக்குப் போய்விட்டு வந்து ஜெசிந்தா பக்கவாட்டுப் படியருகே தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தபோது புஷ்பம் அக்கா மெதுவாக ஏறி வந்தாள். வழக்கம்போல் கையைப் பிடித்தாள். "டேப்புல அது வந்துச்சு. உன் வாயில வரல" என்றாள். "நான் பார்த்தேன். கேட்டேன்." ஜெசிந்தா டம்ளரைக் கீழே வைத்தாள். "ஆமாக்கா. அதான்க்கா நேத்து…" "நேத்து சொன்னதை விடு. இன்னிக்குத்தான் ஜெசி நீ அழாமப் பாடுனே." கை இறுகியது. "மறந்துட்டேல்ல அவர? இத்தனை வருஷத்துக்கு அப்புறமாவது மறந்தியே. போதும்மா. நானும் போயி நிம்மதியா இருப்பேன், நீயும் இரு." அவள் முகத்தில் இதுவரை ஜெசிந்தா பார்க்காத ஒன்று இருந்தது, பஸ்ஸில் நெடுநேரம் மடியில் வைத்திருந்த அடுத்தவர் குழந்தையைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் புடவையை உதறிக்கொள்கிறவர்களின் முகம். பல்லி நாக்கின் நுனியில் இருந்தது. சொன்னால் இந்த முகம் என்ன ஆகும், அவ்வளவு காலம் மன்னித்ததையெல்லாம் இந்த அம்மாள் எங்கே கொண்டுபோய் வைப்பாள். ஜெசிந்தா வாயைத் திறந்தாள், மூடினாள். "ம்" என்றாள். புஷ்பம் அக்கா தலையை ஆட்டிக்கொண்டு, அவள் கன்னத்தைத் தொட்டுவிட்டு, கைப்பிடியைப் பிடித்து ஒவ்வொரு படியாக இறங்கிப் போனாள். மேடையில் தணிகாசலம் ரேடியோவின் திருகுகளைக் கழற்றித் தரையில் அடுக்கிவிட்டு, பெட்டிக்குள் தலையை விட்டுப் பார்த்தான். "அம்மா, உள்ள உங்க பொருள் எதாச்சும் இருக்கா? பலகையைப் பிரிக்கப் போறேன்." "சேர் மட்டுந்தான்பா" என்றாள் ஜெசிந்தா. "அதுவும் ஹாலுது."